நளினி மலானியும் எங்கள் அப்பாயியும்



போன ஞாயிற்றுக்கிழமையே இதைப் போடுவதாகச் சொல்லியிருந்தேன். போடவில்லை. உடம்புக்கு ஒன்றுமில்லை, விசாரித்த எல்லோருக்கும் நன்றி. எழுதி எழுதி அழித்துக்கொண்டிருந்தேன், அவ்வளவுதான். நீளமான பதிவு. பாதியில் தூங்கினால் எழுப்பி பெஞ்சுமேல் நிற்கவைக்க இப்போது எனக்கு அதிகாரமில்லை. ஆகவே உங்கள் விருப்பம்.

விஷயம் 2023 மார்ச்சில் ஆரம்பித்தது. என்னிடம் எட்டாம் வகுப்பு வரை படித்த ஒருத்தி இப்போது லண்டனில் இருக்கிறாள். அங்கே நேஷனல் கேலரி என்று பெரிய ஓவியக்கூடம். அதிலிருந்து ஒரு வீடியோ அனுப்பினாள். இருட்டான கூடம். சுவர் முழுக்கப் பழைய ஐரோப்பிய எண்ணெய் ஓவியங்களின் துண்டுகள் வந்து வந்து போகின்றன. ஒரு கை, ஒரு கழுத்து, வெட்டுப்பட்ட ஒரு தலை. அவற்றின் மேல் யாரோ கோடு இழுக்கிறார்கள். கோடு ஒரு பெண்ணாகிறது, ஓடுகிறது, அழிகிறது, மறுபடி வருகிறது. “டீச்சர், நம்ம நாட்டு அம்மா வரைஞ்சது. 77 வயசு” என்று கீழே எழுதியிருந்தாள்.

“சின்னப்பிள்ளை கிறுக்கினாப்பல இருக்கேடி” என்று பதில் போட்டேன். “கிறுக்கறதைத் திட்டக்கூடாது, அது என்னன்னு கேக்கணும்னு நீங்கதானே டீச்சர் சொல்லுவீங்க” என்று திருப்பி அனுப்பினாள். நான் சொன்னதாக எனக்கு நினைவில்லை. சொல்லியிருந்தால் நல்லதுதான்.

அப்படித்தான் நளினி மலானி என்ற பெயர் எனக்குத் தெரிந்தது. பிறகு இந்த இரண்டு மூன்று வருஷமாக, சாப்பிட்டுவிட்டு மதியம் படுக்கும் நேரத்தில், அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் செல்பேசியில் பார்த்தும் படித்தும் வருகிறேன். ஆங்கிலக் கட்டுரைகளைப் பேத்தி படித்துச் சொல்வாள். ஓவியம் பற்றிப் பேச எனக்கு என்ன தகுதி என்று கேட்டால், ஒன்றும் கிடையாது. ஆசிரியர் பயிற்சியில் கரும்பலகையில் மாம்பழம் வரையக் கற்றுக்கொடுத்தார்கள். அந்த மாம்பழத்தைத்தான் முப்பத்தைந்து வருஷம் வரைந்தேன்.

நளினி மலானி 1946இல் கராச்சியில் பிறந்தவர். மறுவருஷம் தேசம் பிரிந்தது. கைக்குழந்தையோடு அந்தக் குடும்பம் கராச்சியை விட்டு வந்தது. முதலில் கல்கத்தா, பிறகு பம்பாய். அங்கே ஜே.ஜே. கலைப்பள்ளியில் படித்தார். ஓவியம், புகைப்படம், சினிமா, நாடகம் என்று எல்லாவற்றிலும் கை வைத்திருக்கிறார். 2023இல் ஜப்பான்காரர்கள் கொடுக்கிற கியோட்டோ பரிசு அவருக்குக் கிடைத்தது. நம் பத்திரிகைகளில் எத்தனை வரி வந்தது என்று பார்த்தால், கண்ணாடி போட்டுத் தேடவேண்டும்.

ஒரு வயதுக் குழந்தைக்குப் பிரிவினை எப்படி நினைவிருக்கும்? இருக்காது. வீட்டுப் பெரியவர்கள் பேசிப் பேசி ஏற்றியதுதான். ஆனால் வாழ்நாள் முழுக்க அதையேதான் திரும்பத் திரும்ப வரைகிறார். தான் பார்க்காத ஒன்று தன் உடம்பில் எப்படி இருக்கிறது என்பதுதான் அவர் கேள்வி என்று எனக்குப் படுகிறது. இதைப் புரிந்துகொள்ள எனக்கு எந்தக் கட்டுரையும் தேவைப்படவில்லை. எங்கள் வீட்டில் அப்பாயி இருந்தார்.

1998 மே மாதம் பொக்ரானில் அணுகுண்டு வெடித்துப் பார்த்தோம், நினைவிருக்கிறதா? பதிலுக்குப் பாகிஸ்தானும் வெடித்தது. இங்கே தெருவில் மிட்டாய் கொடுத்தார்கள், நானும் வாங்கித் தின்றேன். அந்த வருஷம் இந்த அம்மாள் ஒன்று செய்தார். சாதத் ஹசன் மண்டோ எழுதிய ‘டோபா டேக் சிங்’ கதை பலருக்குத் தெரிந்திருக்கும். பைத்தியக்கார ஆஸ்பத்திரி நோயாளிகளை இரண்டு நாடும் மாற்றிக்கொள்வதும், ஒருவன் இரண்டுக்கும் நடுவில், யாருக்கும் சொந்தமில்லாத நிலத்தில் விழுந்துகிடப்பதும். அந்தக் கதையின் பெயரில் ஓர் இருட்டறை அமைத்தார். தரையில் 12 தகரப் பெட்டிகள், நம் டிரங்குப் பெட்டிதான், திறந்து கிடக்கின்றன. உள்ளே படுக்கை விரிப்பு, அதற்கு நடுவில் சின்ன டிவி. அதில் ஊரை விட்டுப் போகிறவர்கள் போய்க்கொண்டே இருக்கிறார்கள். பெரிய சுவரில் குண்டு வெடிக்கிறது. எதிரெதிரான இரண்டு சுவர்களில், பக்கத்துக்கு ஒரு பெண். ஒருத்தி இந்தியா, ஒருத்தி பாகிஸ்தான். இரண்டு பேரும் சேர்ந்து ஒரு புடவையை மடிக்கப் பார்க்கிறார்கள். நடுவில் நாம் நிற்கிறோம். புடவை மடிபட மாட்டேன் என்கிறது.

புடவை மடிப்பதைப் பற்றி ஆண்பிள்ளைகளுக்குச் சொன்னால் புரியாது. ஆறு கெஜமோ ஒன்பது கெஜமோ, காய்ந்த புடவையை எடுத்து ஆளுக்கொரு முனை பிடித்து, இழுத்து உதறி, நடந்து வந்து முனையோடு முனை சேர்ப்போம் பாருங்கள். எதிரில் இருப்பவள் எவ்வளவு இழுக்கிறாள், எப்போது விடுகிறாள் என்று கை சொல்லிவிடும். மாமியாரும் மருமகளும் பேசிக்கொள்ளாத வீட்டில்கூடப் புடவை மடிக்கும்போது மட்டும் பேசிக்கொள்வார்கள். அந்த வேலையை எடுத்து இரண்டு தேசத்துக்கு நடுவில் வைத்தாரே, அந்த இடத்தில்தான் நான் விழுந்தேன். அதற்கப்புறம்தான் ஒழுங்காகப் பார்க்க ஆரம்பித்தேன்.

சரி, அப்பாயிக்கு வருகிறேன்.

அப்பாயி என்றால் அப்பாவைப் பெற்றவர். என் தாத்தா ரங்கூனில் ஒரு செட்டியார் லேவாதேவிக் கடையில் கணக்கெழுதினார். நம் பக்கத்திலிருந்து அந்தக் காலத்தில் போகாதவர்கள் குறைவு. காவிரிப் படுகையிலிருந்து ஐராவதிப் படுகைக்கு. அங்கேயும் நெல்தான், அங்கேயும் சேறுதான். 1941 டிசம்பர் 23ஆம் தேதி ஜப்பான்காரன் ரங்கூன்மேல் குண்டு போட்டான். மறுவருஷம் மார்ச்சில் ஊர் அவன் கைக்குப் போய்விட்டது. கப்பலில் இடம் கிடைத்தவர்கள் கப்பலில் வந்தார்கள். கிடைக்காதவர்கள் நடந்தார்கள். நான்கைந்து லட்சம் இந்தியர்கள் அப்படிக் கிளம்பி வந்ததாகச் சொல்கிறார்கள். காட்டு வழியில் காலரா, மலேரியா, பட்டினி. பல்லாயிரம் பேர் வந்து சேரவில்லை. நம் பாடப்புத்தகத்தில் இதற்கு ஒரு பாடம் கிடையாது. நான் பாடம் நடத்திய காலம் முழுக்கத் தேடியிருக்கிறேன்.

தாத்தா, அப்பாயி, 11 வயதில் என் அப்பா. தமு, மணிப்பூர் மலை, திமாப்பூர் வரை கால்நடை. அங்கிருந்து ரயில். கடைசியில் நீடாமங்கலத்தில் இறங்கி மாட்டுவண்டியில் ஊர் வந்தார்கள். வந்த இரண்டாம் வருஷம் தாத்தா காய்ச்சலில் போய்விட்டார். எங்களுக்குச் சொல்லப்பட்ட கதை இவ்வளவுதான். “பர்மாவுலேர்ந்து நடந்து வந்தோம்” என்பார் அப்பாயி. மன்னார்குடிக்கு நடந்து வந்தோம் என்கிற மாதிரி சொல்வார். மேலே கேட்டால் “அடுப்புல என்னமோ தீயுது பாரு” என்று எழுந்து போவார்.

அப்பாயி நிற்பது ஒரு மாதிரியாக இருக்கும். இடது இடுப்பு ஒரு பக்கம் புடைத்துத் தள்ளியிருக்கும், வலது தோள் இறங்கியிருக்கும், இடது கை லேசாக வளைந்து காற்றில் நிற்கும். இடுப்பில் பிள்ளை வைத்திருப்பவர்கள் நிற்பார்களே, அதேபோல. ஆனால் இடுப்பில் பிள்ளை இருக்காது. சாமி கும்பிடும்போதும் அப்படித்தான், அரிசி புடைத்துவிட்டு நிமிரும்போதும் அப்படித்தான். எலும்புக் கோளாறு என்றுதான் எல்லோரும் நினைத்துக்கொண்டிருந்தோம்.

இன்னொன்று, அப்பாயி என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை. “குட்டி” என்பார். தம்பியை, தங்கையை, சித்தப்பா பிள்ளைகளை எல்லாம் வாய் நிறையப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். என்னை மட்டும் குட்டி. என்னைப் பிடிக்காது என்று நினைத்தேன். பத்து வயதில் அப்படி ஒன்றை நினைத்துக்கொண்டால் அதற்குச் சாட்சி தேடிக்கொண்டே இருப்போம். தங்கைக்கு ஒரு முறுக்கு கூடுதலாகக் கொடுத்தால் அதுவும் சாட்சி.

அந்தக் கோபத்தில்தானோ என்னவோ, ஒரு பொங்கல் லீவில் அப்பாயி மாதிரி நடந்து காட்டினேன். முற்றத்தில் அத்தை, சித்தப்பா, பிள்ளைகள் என்று பத்துப் பன்னிரண்டு பேர். துண்டைப் புடவைபோல் சுற்றிக்கொண்டு, இடுப்பைத் தள்ளி, கையை வளைத்து நாலு நடை. ஒரே சிரிப்பு. இன்னொரு தடவை, இன்னொரு தடவை என்கிறார்கள். தாழ்வாரத் தூணைப் பிடித்துக்கொண்டு அப்பாயியும் பார்த்தார். அவரும் சிரித்தார். பிறகு கொல்லைப்பக்கம் போய்விட்டார். அதற்கப்புறம் கொஞ்ச நாள், யாராவது வந்தால் நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு நேராக நிற்கப் பார்ப்பார். இரண்டு நிமிஷம் நிற்பார். தன்னை அறியாமல் இடுப்பு பழைய இடத்துக்குப் போய்விடும்.

அப்பாயி 1984இல் தவறினார். 2009இல், அப்பாவின் கடைசி வருஷத்தில், என் மகள் பேத்தியைத் தூக்கிக்கொண்டு வந்திருந்தாள். பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு முற்றத்தில் நின்று பேசிக்கொண்டிருந்தாள். நாற்காலியில் இருந்த அப்பா அவளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, யாரும் கேட்காமலே சொன்னார்.

“எனக்கு ஒரு தங்கச்சி இருந்துச்சு. மூணு வயசு. மலையில வாந்திபேதி கண்டு போயிடுச்சு. அம்மா இறக்கமாட்டேன்னுச்சு. ஒன்றரை நாள் இடுப்புலயே வச்சு நடந்துச்சு. அப்பாதான் ஒரு ஓடைக்கரையில புடுங்கி எடுத்துப் புதைச்சாரு.”

கொஞ்ச நேரம் கழித்து, “அது பேருதான் ஒனக்கு வச்சேன். அம்மா வேணாம்னுச்சு. நான் கேக்கல” என்றார்.

என் பெயர் உங்களுக்குத் தெரியும். இந்தப் பக்கத்தின் மேலேயே இருக்கிறது.

இதற்கு மேல் நான் என்ன எழுதினாலும் மிகையாகிவிடும். மலானிக்கே திரும்புகிறேன்.

அவர் வேலை செய்யும் முறை ஒன்று நம் தஞ்சாவூர்க்காரர்களுக்குச் சட்டென்று புரியும். தஞ்சாவூர் ஓவியம் என்றதும் தங்க ரேக்கு ஒட்டிய பலகைப் படம்தான் எல்லோருக்கும் நினைவு வரும். கண்ணாடிப் படம் என்று இன்னொன்று உண்டு. பழைய வீடுகளில் வெண்ணெய் தின்னும் கிருஷ்ணன், ராமர் பட்டாபிஷேகம் மாட்டியிருப்பார்கள். அதில் கண்ணாடியின் பின்பக்கம் தீட்டி முன்பக்கம் பார்க்கவேண்டும். சாதாரணப் படத்தில் கடைசியில் வைக்கிற கண்ணும் நகையும் இதில் முதலில் வரவேண்டும். பிறகு முகத்தின் நிறம், பிறகு துணி, பின்னணி எல்லாவற்றுக்கும் கடைசி. இடம் வலமாகும், வலம் இடமாகும். முதலில் வைத்த கோடு பிசகினால் முடிந்தது கதை. மேலே எத்தனை பூச்சுப் பூசினாலும் அது முன்னால்தான் நிற்கும்.

இந்த முறையை பூபேன் காக்கர் என்ற ஓவியரிடம் மலானி 1980களின் கடைசியில் கற்றுக்கொண்டார். கண்ணாடிக்குப் பதிலாக ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் தாளில் பின்பக்கமாகத் தீட்டுவார். அந்தத் தாளை உருளையாகச் சுருட்டி, கூரையிலிருந்து தொங்கவிட்டு, மெதுவாகச் சுற்றவிடுவார். அதன் ஊடே வெளிச்சம் பாய்ச்சுவார். தீட்டிய உருவங்களின் நிழல் சுவர் சுவராகப் போகும். ஒன்றின் மேல் ஒன்று ஏறும். பார்க்கப் போன நம் நிழலும் அதில் கலந்துவிடும்.

தோல்பாவைக் கூத்துதானே என்று தோன்றுகிறதா? எனக்கும் அப்படித்தான் தோன்றியது. சின்ன வயதில் பாமணி ஆற்றங்கரைத் திடலில் வெள்ளைத்துணி கட்டி ராமாயணம் ஆடியதைப் பார்த்திருக்கிறேன். விளக்கு பின்னால், தோல் நடுவில், துணி முன்னால். ஆடியவர்கள் வீட்டில் மராட்டி பேசுவார்கள். தஞ்சையை மராட்டியர்கள் ஆண்ட காலத்தில் வந்து தங்கியவர்கள் என்பார்கள். இப்போது ஆடுவதற்கும் ஆளில்லை, பார்ப்பதற்கும் ஆளில்லை. ஐரோப்பாக்காரன் இருட்டறையில் உட்கார்ந்து அதன் பேத்தியைப் பார்த்து வியக்கிறான். வியக்கட்டும்.

2012இல் ஜெர்மனியில் காஸல் என்ற ஊரில் நடந்த டாக்குமெண்டா கண்காட்சியில் இப்படி ஐந்து உருளைகளைச் சுழலவிட்டார். ‘தொலைந்த ரத்தத்தைத் தேடி’ என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். ஃபைஸ் அகமது ஃபைஸின் கவிதையிலிருந்து எடுத்த பெயர். அதற்குள் கசாண்ட்ரா வருகிறாள். கிரேக்கக் கதையில் வரும் பெண். நடக்கப்போவதை அப்படியே சொல்வாள், ஆனால் ஒருவரும் நம்பக்கூடாது என்பது அவளுக்குக் கிடைத்த சாபம். மகாசுவேதா தேவி எழுதிய திரௌபதி என்ற பழங்குடிப் பெண்ணும் வருகிறாள். காவலில் சீரழிக்கப்பட்டு, மறுநாள் காலையில் துணியை மறுத்துவிட்டு அதிகாரி முன்னால் போய் நிற்பவள்.

அதற்கு முன் 2005இல் ‘பாரத மாதா’ என்ற தலைப்பில் ஐந்து திரைகளில் ஓடும் ஒரு படம் செய்தார். மானுடவியலாளர் வீணா தாஸ் எழுதிய கட்டுரை ஒன்றை வைத்துச் செய்தது. பிரிவினையின்போது கடத்திக் கொண்டுபோகப்பட்ட பெண்கள் இரண்டு பக்கமும் சேர்த்து ஏறத்தாழ 75,000 பேர் என்று கணக்கிடுகிறார்கள். பிறகு 1949இல் சட்டம் போட்டுத் தேடி மீட்டார்கள். திரும்பி வர விருப்பமா என்று அவளைக் கேட்கவில்லை. போனபோதும் கேட்கவில்லை. வீடு வந்தவளைச் சேர்த்துக்கொள்ள மறுத்த வீடுகளும் உண்டு. தேசத்தைத் தாய் என்று படம் போட்டு மாட்டிவிட்டு, தாய்மார்களின் உடம்பில் எல்லைக்கோடு கிழித்தார்கள் என்பதுதான் அந்தப் படம். 2002 குஜராத்தையும் அதோடு சேர்த்துத்தான் பேசுகிறார்.

“வடநாட்டு சமாச்சாரம்” என்று என் மைத்துனர் சொன்னார். வடநாடா? 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் ஒரு குடிசைக்குள் வைத்து 44 பேரைக் கொளுத்தினார்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். கூலி அரைப்படி நெல் கூடக் கேட்ட ஊர். எனக்கு அப்போது பத்து வயது. பெரியவர்கள் திண்ணையில் குரலைத் தாழ்த்திப் பேசினார்கள், நான் போனதும் நிறுத்தினார்கள். சாணிப்பால் புகட்டுவதும் சவுக்கால் அடிப்பதும் இந்த மண்ணில்தானே நடந்தது? நடவு வயலில் குனிந்தே தேய்ந்த முதுகுகளின் பிள்ளைகளுக்குத்தானே நான் அ, ஆ சொல்லிக்கொடுத்தேன்? மைத்துனர் கோபித்துக்கொள்ள வேண்டாம். நேரிலும் இதையேதான் சொன்னேன்.

அவருடைய எல்லா வேலையும் எனக்குப் பிடிக்கிறது என்று பொய் சொல்லமாட்டேன். சில இடங்களில் ஒரே நெரிசல். ஒரு சுவரில் ஐந்து புராணம், மூன்று தேசம், இரண்டு தத்துவம். சத்தமும் அதிகம். திருவிழாக் கூட்டத்தில் கைக்குழந்தையோடு மாட்டிக்கொண்ட மாதிரி இருக்கிறது. அப்படித்தான் இருக்கவேண்டும் என்று பேத்தி வாதாடுகிறாள். எனக்கு அந்தப் புடவை போதும்.

இன்னொன்றும் பிடிக்கும். 1992இல் பம்பாயில் கெமோல்டு கேலரியின் சுவரிலேயே நேராக வரைந்தார். கண்காட்சி முடிந்ததும் அழித்தாயிற்று. அதற்குப் பிறகும் பல ஊர்களில் அப்படிச் சுவரில் வரைந்து கடைசியில் அழிக்கவைத்திருக்கிறார். விற்க முடியாது, வீட்டில் மாட்ட முடியாது. பத்திரிகைக்காரர்கள் இதைப் பெரிய புரட்சியாக எழுதுகிறார்கள். மார்கழி முழுக்கத் தெருவை அடைத்துக் கோலம் போட்டு, பால்காரன் சைக்கிள் ஏறிப் போவதைப் பார்த்துக்கொண்டு நிற்கிற நமக்கு இதில் ஆச்சரியம் ஒன்றுமில்லை.

இப்போது, நான் போன ஞாயிறு எழுதி அழித்த இடத்துக்கு வந்துவிட்டேன்.

2018 ஜனவரியில் ஜம்மு பக்கம் கத்துவாவில் எட்டு வயதுப் பெண் குழந்தையைச் சிதைத்துக் கொன்றார்கள். பெயரைச் சொல்லக்கூடாது, சட்டப்படி தவறு, ஆகவே நீங்களும் கருத்துப் பகுதியில் எழுதாதீர்கள். அதற்குப் பிறகு மலானி செய்த வேலைக்கு ‘நான் பேசுவது கேட்கிறதா?’ என்று பெயர். ஐபேடில் விரலால் வரைந்த 88 சின்னச்சின்ன அசையும் படங்கள். 2020இல் லண்டனில் ஒயிட்சேப்பல் கூடத்தில் ஒன்பது ஒளிக்கற்றைகளாகச் சுவரில் ஒரே சமயத்தில் ஓடவிட்டார். கயிறு தாண்டும் பெண்பிள்ளை, எழுத்துகள், ரத்தத் தீற்றல், மறுபடி பெண்பிள்ளை. கேட்கிறதா, கேட்கிறதா என்று.

1990களின் நடுவில், என் எட்டாம் வகுப்பில் ஒரு பெண் இருந்தாள். பெயர் வேண்டாம். அவளோடு படித்தவர்கள் யூகிக்கவும் வேண்டாம். நன்றாகப் படிக்கிறவள். புத்தகப் பையை எப்போதும் மார்போடு அணைத்துக்கொண்டே உட்கார்ந்திருப்பாள். கீழே வை என்றால் வைப்பாள், ஐந்து நிமிஷத்தில் பை மறுபடி மடியில் ஏறிவிடும். நான் அதற்காகத் திட்டியிருக்கிறேன். ஒரு வாரம், பத்து நாள், கடைசி மணி அடித்த பிறகும் போகாமல் நின்றாள். கரும்பலகை துடைத்தாள், சாக்பீஸ் டப்பாவை அடுக்கினாள். அடுக்கியதையே அடுக்கினாள். ஒருநாள் யாரும் இல்லாதபோது, “டீச்சர், எங்க வீட்ல மாமா இருக்காங்கல்ல...” என்று ஆரம்பித்தாள்.

நான் முடிக்கவிடவில்லை. எனக்குப் புரியவில்லை என்று சொல்ல ஆசை. புரிந்தது. முழுதாக அல்ல, ஆனால் புரிந்தது. அதனால்தான் முடிக்கவிடவில்லை. “வீட்டு விஷயத்தையெல்லாம் பள்ளிக்கூடத்துல பேசக்கூடாதும்மா. அரையாண்டுப் பரீட்சை வருது, படிக்கிற வழியைப் பாரு” என்றேன். கடைசி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்பதும் உண்மைதான். அவள் “சரிங்க டீச்சர்” என்றாள். டஸ்டரைத் தட்டி வைத்துவிட்டுப் போனாள். அரையாண்டு விடுமுறைக்குப் பிறகு வரவில்லை. பெயர் நீக்கப் பதிவேட்டில் நான்தான் கோடு போட்டேன். காரணம் என்ற கட்டத்தில் “நீண்ட நாள் வரவில்லை” என்று எழுதினேன். பதினாறு முடிவதற்குள் கல்யாணம் செய்துவிட்டார்கள் என்று பிறகு யாரோ சொன்னார்கள்.

2012இல் போக்சோ சட்டம் வந்தது. பிள்ளை சொன்னதைத் தெரிந்தும் மறைத்தால் தண்டனை என்று எங்களுக்குப் பயிற்சி வகுப்பில் சொன்னார்கள். 1098 என்ற எண்ணை எல்லா வகுப்புச் சுவரிலும் எழுதச் சொன்னார்கள். நானே ஏணி போட்டு ஏறி எழுதினேன். எழுதும்போது கை ஆடியது, பக்கத்தில் இருந்தவர்கள் வயசாகிவிட்டது டீச்சருக்கு என்றார்கள். அந்தக் காலத்தில் சட்டமில்லையே என்று எனக்கு நானே சொல்லிப் பார்த்திருக்கிறேன். கேட்பதற்கு எதற்குச் சட்டம்?

அந்த லண்டன் மாணவி இந்த 88 படங்களின் ஒரு துண்டை அனுப்பியபோது அதில் ஒரு பெண்பிள்ளை வாயைத் திறக்கிறாள். அவ்வளவுதான், ஒரு கோட்டு உருவம். நான் செல்பேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டேன். முப்பது வருஷம் கழித்தும் அதையே செய்தேன்.

என் மாணவிகளில் ஆசிரியைகளாக இருப்பவர்கள் பத்துப் பதினைந்து பேர் இதைப் படிப்பீர்கள். மணி அடித்த பிறகும் போகாமல் கரும்பலகை துடைக்கிற பிள்ளை உங்கள் வகுப்பிலும் இருக்கும். அடுத்த பஸ் வரும்.

அவளுக்கு: நீ இதைப் படிக்கிறாயா என்று தெரியாது. படித்தால் பதில் எழுதவேண்டும் என்றில்லை. மன்னித்துவிட்டேன் என்று எழுதவே வேண்டாம். அன்றைக்கு நீ சொல்ல வந்ததில் மீதியைச் சொல்ல எப்போதாவது தோன்றினால், என் வீடு மாறவில்லை. தெப்பக்குளத்தின் வடகரையில் யாரைக் கேட்டாலும் காட்டுவார்கள். பேத்தி பள்ளிக்குப் போனபின் நான் தனியாகத்தான் இருப்பேன்.

கீழே ஒரு படம் போட்டிருக்கிறேன். 1971இல் என் சித்தப்பா கல்யாணத்தில் ஸ்டுடியோக்காரர் வீட்டுக்கு வந்து எடுத்தது. அப்பாயிக்கு இருக்கிற ஒரே படம் இதுதான். கரையான் அரித்த மூலையைப் பேத்தி கம்ப்யூட்டரில் சரிசெய்து கொடுத்தாள். எல்லோரும் நேராக நில்லுங்கள் என்று போட்டோகிராபர் சொன்னது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. எட்டுப் பேர் நிற்கிறார்கள். இடமிருந்து மூன்றாவது அப்பாயி. கட்டம் போட்ட புடவை, முழங்கை வரை ரவிக்கை. இடது இடுப்பைப் பாருங்கள். அந்தப் பக்கத்தில் பாவாடை சட்டையோடு ஒட்டிக்கொண்டு நிற்பது நான். அப்பாயியின் வளைந்த கை என் தலைக்குமேல் நிற்கிறது, தொடவில்லை.